உச்சரிப்புக்கு இரண்டு மதிப்பெண்

எங்கள் சங்கத்தின் 1995ஆம் ஆண்டுக் கடிதக் கோப்பில் பதினான்காவது தாள் ஜுஸ்ஸாரா பிமெந்தெல் எழுதியது. பள்ளிக்கூட நோட்டிலிருந்து கிழித்த கோடு போட்ட தாள். இடது மூலையில் எண்ணெய்க் கறை. சங்கத்துக்கு வரும் எந்தக் கடிதத்தையும் நான் தேதி குத்தி, எண் போட்டு, துளையிட்டுக் கோப்பில் சேர்ப்பேன். இதைத் துளையிடுவதற்கு முன் இரண்டு முறை படித்தேன்.

"மதிப்புக்குரிய செயலாளர் தோனா ஓல்கா அவர்களுக்கு. நான் மூன்று வருடமாக உங்கள் பாட்டுப் போட்டியில் விருந்தினராகப் பாடுகிறேன். ஒவ்வொரு வருடமும் ஒரு பாட்டில் சோயா சாஸ் தருகிறீர்கள். நன்றி. வீட்டில் இரண்டு பாட்டில் திறக்காமல் இருக்கிறது. இந்த வருடம் எனக்குச் சாஸ் வேண்டாம். மதிப்பெண் வேண்டும்."

அவ்வளவுதான் கடிதம். தோனா என்பது இங்கே பெண்களுக்கான மரியாதைச் சொல், ஆண்களுக்குச் சேவு.

பிரேசிலின் சாந்தா ஒதீலியா ஊரில் எங்கள் ஜப்பானியர் சங்கம் ஆண்டுதோறும் ஆகஸ்டில் கரோக்கே போட்டி நடத்தும். பாட்டின் இசை வட்டிலிருந்து வரும், குரல் நம்முடையது. குழந்தைகள், முதியோர், மூன்றாம் பிரிவு, இரண்டாம் பிரிவு, முதல் பிரிவு என்று காலை எட்டு மணிக்கு ஆரம்பித்தால் மாலை நாலரை ஆகிவிடும். சான் பவுலோவிலிருந்து நடுவர் பேருந்தில் வந்து இறங்குவார். மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, எல்லோரும் பல் குத்திக்கொண்டிருக்கும் அரை மணி நேரம்தான் விருந்தினருக்கு. விருந்தினர் என்பது மரியாதைக்கு. பெரியவர்கள் வாயில் அவர்கள் கைஜின், அதாவது வெளி ஆள். கப்பலில் வந்து இந்த பிரேசில் மண்ணில் இறங்கியவர்கள் நாங்கள். வெளி ஆள் அவர்கள். இந்தக் கணக்கு எப்படிச் சரியாகிறது என்று யாரும் கேட்டதில்லை. விருந்தினர் பாடும்போது நடுவர் பேனாவை மூடி வைத்துவிட்டுக் காபி குடிப்பார். முடிந்ததும் எல்லோரும் கைதட்டுவோம். நிறையவே தட்டுவோம்.

ஜுஸ்ஸாராவுக்கு அப்போது முப்பத்தெட்டு வயது. வியாழக்கிழமைச் சந்தையில் தோமியோவின் பாஸ்தெல் கடையில் பதினைந்து வருடமாக வேலை. தோமியோவின் அம்மா விட்டுப்போன ஒலிநாடாக்கள் அந்தக் கடையில் காலையிலிருந்து ஓடிக்கொண்டே இருக்கும். தோமியோவுக்குத் தெரிந்த ஜப்பானிய வார்த்தைகள் மொத்தம் ஆறு, அதில் நாலு சாப்பாடு. ஆனால் ஜுஸ்ஸாரா மாவைத் தேய்த்து, இறைச்சி வைத்து மடித்து, எண்ணெயில் விட்டுத் திருப்பிப் போட்டுக்கொண்டே நாற்பது பாட்டுகளைக் காதால் பிடித்துவிட்டாள். கண்ணை மூடிக்கொண்டு கேட்டால், வடக்குக் கடலில் புருஷனைத் தொலைத்த மீனவன் மனைவி பாடுகிறாள் என்றே தோன்றும். கண்ணைத் திறந்தால் நிறையச் சிரிக்கும் ஒரு கறுப்புப் பெண், கையில் கரண்டி.

ஜூலை 17, திங்கட்கிழமை, நிர்வாகக் கூட்டத்தில் கடிதத்தை வாசித்தேன். தலைவர் ஒனாகா கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். அவர் கண்ணாடியைக் கழற்றினால் கூட்டம் நீளும்.

"என்ன கூத்து இது, ஓல்கா-சான்? அந்தப் பொண்ணு நல்லாத்தான் பாடுறா. நாமளும் கைதட்டுறோம். மார்க் எதுக்கு?"

"கேக்கிறா."

"கேட்டா குடுத்துடறதா? இன்னிக்கு இவ கேப்பா. நாளைக்குப் பாதிரியார் கேப்பாரு."

"பாதிரியாருக்குச் சுருதி நிக்காது," என்றார் பொருளாளர் டாக்டர் அரகாகி. ஊரின் பல் மருத்துவர் அவர். "ஆனா ஒண்ணு சொல்றேன் தலைவரே. சாயங்காலம் தெருவைப் பாருங்க. டிவியில வர்ற முகமூடி வீரன் மாதிரி ஜப்பான் பாஷையில கத்திக்கிட்டு இருபது பிள்ளைங்க ஓடுது. அதுல ஒரு மூஞ்சியாவது நம்ம மூஞ்சியா?"

"அதைத்தான் நானும் சொல்றேன்!" ஒனாகா மேசையைத் தட்டினார். "நம்ம பிள்ளைங்க எல்லாம் ஜப்பானுக்குப் போயி ஃபாக்டரியில ஸ்க்ரூ முறுக்குது. வயல் போச்சு, பள்ளிக்கூடம் மூடியாச்சு. மிச்சம் இந்தப் போட்டி ஒண்ணுதான். இதையும் ஊருக்குத் தூக்கிக் குடுத்துட்டா நம்ம கையில என்ன இருக்கும்?"

அவர் கோபமாகச் சொல்லவில்லை. காபி ஊற்றிக்கொண்டேன்.

"என் தம்பி ஜோர்ஜி போன வாரம் ஜப்பான்ல இருந்து ஃபோன் பண்ணினான்," என்றேன். "அங்க அவனை கைஜின்னுதான் கூப்பிடுறாங்களாம்."

"அது அவங்க பண்ற தப்பு."

"அப்போ இது?"

ஒனாகா கண்ணாடியைத் துடைத்தார். போட்டார். மறுபடி கழற்றினார்.

கடைசியில் எழுதிய தீர்மானம் இது, என் கையெழுத்திலேயே இருக்கிறது: ஜுஸ்ஸாரா பிமெந்தெல் முதல் பிரிவில் பாடலாம், நூற்றுக்கு அறுபது வாங்கினால் அடுத்த ஆண்டிலிருந்து எல்லாப் பிரிவுகளும் யாருக்கும் திறந்திருக்கும், அறுபதுக்குக் கீழே வந்தால் இந்தப் பேச்சு இனி எடுக்கப்படாது. கடைசி வாக்கியம் ஒனாகா சொன்னது. அதை எழுதும்போது பேனாவை அழுத்திவிட்டேன், அடுத்த பக்கத்திலும் தெரிகிறது.

சேதியைச் சொல்லச் சந்தைக்குப் போனேன். ஜுஸ்ஸாரா கரண்டியோடு என்னைக் கட்டிப்பிடித்தாள். என் பச்சைக் கம்பளிச் சட்டை அதோடு போயிற்று.

முதல் பிரிவில் ஒரு வழக்கம் உண்டு. பாட்டை நாமே தேர்ந்தெடுக்க முடியாது. இரண்டு வாரத்துக்கு முன் சீட்டுக் குலுக்கி எடுக்க வேண்டும். ஒனாகா பதினோரு வருடம் விடாமல் ஒரே கப்பல் பாட்டைப் பாடியதால் வந்த விதி இது. ஆகஸ்ட் 5 அன்று ஜுஸ்ஸாராவின் கைக்கு வந்தது 'பனி உருகும் பாலம்' என்ற பழைய பாட்டு. அவளுடைய நாற்பதில் அது இல்லை. தோமியோவின் நாடாக்களிலும் இல்லை. சங்கத்தில் இருந்த வட்டில் இசை மட்டும்தான், குரல் கிடையாது. திரையில் வரும் வரிகளோ ஜப்பானிய எழுத்தில்.

"பாட்டை எழுதித் தாங்க தோனா ஓல்கா, போதும். மெட்டை நான் ரெண்டு தடவை கேட்டா பிடிச்சுப்பேன்."

தட்டச்சு இயந்திரத்தில் உட்கார்ந்து பாட்டு முழுவதையும் ரோமன் எழுத்தில் அடித்துக் கொடுத்தேன். பொருளையும் எழுதித் தரலாம் என்று தோன்றியது. அந்த வாரம் நான் வேலை பார்க்கும் பத்திரப் பதிவு அலுவலகத்தில் வேலை அதிகம். அப்புறம் தரலாம் என்று விட்டுவிட்டேன். முறைப்படி வேலை செய்பவள் என்று ஊரில் எனக்குப் பெயர். இந்த மாதிரி இடங்களில்தான் அது அடிபடும்.

ஆகஸ்ட் 17, வியாழன். போட்டிக்கு மூன்று நாள். பதினோரு மணிக்குச் சந்தைக்குப் போனபோது கடையின் கம்பத்தில் நான் அடித்த தாள் ஒட்டியிருந்தது, எண்ணெய் பட்டுக் கண்ணாடிபோல் ஆகியிருந்தது. கரும்புச்சாறு ஒரு கோப்பை வாங்கிக்கொண்டு நின்றேன். ஜுஸ்ஸாரா முதுகைக் காட்டியபடி பாடிக்கொண்டிருந்தாள். என்ன குரல்! ஒவ்வொரு வரியிலும் ஆத்திரம் கொதித்தது. எனக்கு அது விசித்திரமாக இருந்தது. அது சாந்தமான பாட்டு. பாலத்தில் ஒருத்தி காத்திருக்கிறாள், அவ்வளவுதான்.

அப்புறம்தான் வார்த்தை காதில் விழுந்தது.

பாட்டில் இருப்பது "ஹஷி நோ உயே, ஹனா ஹிதொத்சு". பாலத்தின் மேல் பூ ஒன்று. ஜுஸ்ஸாரா பாடியது "அஷி நோ உயே, அனா இதொத்சு". காலின் மேல் ஓட்டை ஒன்று.

கரும்புச்சாறு மூக்கு வழியாக வந்தது. தோமியோ ஓடிவந்து முதுகில் தட்டினான்.

தவறு அவளுடையதல்ல. போர்த்துகீசியத்தில் எச் என்ற எழுத்து வாசலில் நாற்காலி போட்டுத் தூங்கும் காவல்காரன் மாதிரி. இருப்பான், வாய் திறக்க மாட்டான். நான் ஜப்பானியப் பள்ளியில் சொல்லிக்கொடுத்த முறைப்படி எச் போட்டு அடித்திருக்கிறேன். அவள் தன் பள்ளிக்கூடத்தில் படித்தபடி அதை விழுங்கியிருக்கிறாள்.

"என்ன ஆச்சு? தப்பாப் பாடினேனா?"

"தப்புன்னு இல்ல ஜுஸ்ஸாரா… அந்த 'அனா'..."

"அவளைப் பத்திப் பேசாதீங்க!" ஜுஸ்ஸாரா கரண்டியை ஓங்கினாள். "பத்து நாளா எனக்கு ரத்தம் கொதிக்குது. யாரு அந்த அனா? அவனோட பழையவளா? ரெண்டு வரிக்கு ஒரு தடவை வந்து நிக்கிறா! மெட்டைக் கேட்டாலே தெரியுது, இவ பாவம் ஏங்கிக்கிட்டிருக்கா, அவன் அனா அனான்னு உருகுறான். வெட்கங்கெட்டவ!"

அனா என்பது எங்கள் ஊரில் பெண் பெயர். "அது ஆளு இல்ல. பூ."

"எது?"

"ஹனா. முன்னாடி ஒரு மூச்சு இருக்கு. ஹ. ஹனான்னா பூ. நீ சொல்ற மாதிரி அனான்னா ஓட்டை."

ஜுஸ்ஸாரா கரண்டியைக் கீழே வைத்தாள். "ஓட்டையா?"

"காலு மேல ஓட்டை."

தோமியோ கல்லாவைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டான். வரிசையில் நின்றவர்கள் என்னவென்று கேட்க, அவன் சொல்ல, காய்கறிக் கடைவரை சேதி போயிற்று. ஜுஸ்ஸாராவும் சிரித்தாள், கண்ணில் நீர் வரும்வரை. பிறகு சட்டென்று நிறுத்தினாள்.

"மூணு நாளுதான் இருக்கு, தோனா ஓல்கா. அங்க போயி ஓட்டைன்னு பாடினா சேவு ஒனாகா என்னைய விடுவாரா? அறுபதுக்கு நான் எங்க போவேன்?"

கடையிலேயே நின்று முழுப் பாட்டையும் பொருள் சொல்லி அவளுக்கு உரக்க வாசித்துக் காட்டினேன். பக்கத்தில் எண்ணெய் இரைந்தது, மீன்காரன் விலை கூவினான், நடுவில் நாலு பேர் பாலாடைக்கட்டி பாஸ்தெல் கேட்டார்கள்.

"காதுல நிக்காது," என்றாள். "இந்தச் சத்தத்துல பாதிதான் கேக்குது. எழுதிக் குடுங்க, எனக்குப் படிக்கத் தெரியிற மாதிரி எழுதுங்க."

அதற்கு வழி இருந்தது. போர்த்துகீசியத்தில் எச்சுக்கு இல்லாத மூச்சு, சொல்லின் முதலில் வரும் ஆருக்கு உண்டு. ரொபெர்த்து என்று எழுதி ஹொபெர்த்து என்று கூப்பிடும் ஊர் இது. ஆகவே எச் வரும் இடத்திலெல்லாம் ஆர் போட்டுவிட்டால் அவள் வாயில் தானாக ஹ வந்துவிடும். பூ 'ரனா' ஆகும். பாலம் 'ரஷி' ஆகும். ஜப்பானியப் பள்ளியில் எனக்குப் பாடம் சொன்ன ஆசிரியர் பார்த்தால் பிரம்பை எடுத்திருப்பார். அன்று மாலையே உட்கார்ந்து பதினேழு எச்சையும் பதினேழு ஆராக மாற்றி, அந்த எழுத்துகளை மட்டும் சிவப்பு நாடாவில் அடித்தேன். மூலப்பிரதி அவளுக்கு, கார்பன் பிரதி கோப்புக்கு. வெள்ளி காலை கொண்டுபோய்க் கொடுத்தேன். என் வேலையில் எனக்கே ஒரு திருப்தி.

ஞாயிறு, ஆகஸ்ட் 20. குளிர், கூரைத் தகரம் காலை பத்து மணிவரை சொட்டியது. நடுவர் இகராஷி அம்மையார், எங்களுக்கெல்லாம் சென்சேய், அதாவது ஆசிரியர், வந்து இறங்கினார். அறுபத்தைந்து வயது, கழுத்துவரை பொத்தான், கையில் இரண்டு சிவப்புப் பேனா. ஒன்று தீர்ந்தால் இன்னொன்று. சமையலறைப் பெண்கள் அவரைப் பார்த்ததும் குரலைத் தாழ்த்திக்கொண்டார்கள்.

மதியம் முதல் பிரிவு தொடங்கியது. ஒன்பது பேர். ஒனாகா மூன்றாவது. சீட்டில் அவருக்கு வந்தது ஒரு தாலாட்டு. அதையும் கப்பல் பாட்டு மாதிரியே பாடினார். டாக்டர் அரகாகி இரண்டாம் சரணத்தை மறந்து முதலாம் சரணத்தையே இரண்டு முறை பாடி, இரண்டாவது முறை இன்னும் கம்பீரமாக முடித்தார். ஏழாவது ஜுஸ்ஸாரா.

நீல உடுப்பு, தோமியோவின் மனைவி கொடுத்த முத்துமாலை. கையில் தாள் இல்லை. முதல் பிரிவில் மனப்பாடமாகத்தான் பாட வேண்டும். இசை ஆரம்பித்தது. இகராஷி அம்மையார் பேனாவைத் திறந்தார். அந்தச் சின்ன 'டிக்' சத்தம் எனக்குக் கேட்டது. ஜுஸ்ஸாராவுக்கும் கேட்டிருக்க வேண்டும், ஏனென்றால் அவள் முகம் மலர்ந்தது.

"ஹஷி நோ உயே, ஹனா ஹிதொத்சு..."

பாலம் பாலமாகவும் பூ பூவாகவும் வந்தன. ஆத்திரம் போய், காத்திருப்பவளின் சாந்தம் வந்திருந்தது. முன்வரிசைக் கிழவிகள் தலையசைத்தார்கள். நான் விரலை மடக்கி எண்ணினேன்: ஒன்று, இரண்டு, மூன்று... ஒன்றுகூடத் தவறவில்லை. ஒனாகா கண்ணாடியைக் கழற்றவில்லை.

பிறகு பல்லவி. காதலைக் கூப்பிடும் இடம். ஜப்பானிய மொழியில் காதலுக்கு 'ஐ' என்று பெயர். இசை நின்று, குரல் மட்டும் தனியாக எழும்பி மூன்று முறை அழைக்க வேண்டும்: ஐ… ஐ… ஐ…

ஜுஸ்ஸாரா நெஞ்சில் கை வைத்து, மூச்சிழுத்து, கூரையைப் பார்த்து நீட்டினாள்.

"ஹை…!"

எங்கள் பள்ளியில் தினமும் காலை ஆசிரியர் பெயர் கூப்பிட்டதும் நாங்கள் எழுந்து நின்று கத்திய வார்த்தை அது. ஹை, உள்ளேன். எட்டு வருடம், ஒரு நாள் விடாமல். மண்டபத்தில் உட்கார்ந்திருந்த எல்லாக் கிழவர்களும் கிழவிகளும் அதே பள்ளி, அதே பெஞ்சு.

"ஹை!" என்றது மண்டபம்.

யாரும் யோசித்துச் சொல்லவில்லை. வாய் தானாகச் சொல்லிவிட்டது. இரண்டு பேர் எழுந்தே நின்றுவிட்டார்கள். ஜுஸ்ஸாரா ஒரு கணம் திகைத்தாள். ஆனால் இசை காத்திருக்காது. இரண்டாவது முறை நீட்டினாள்.

"ஹை…!"

"ஹை!" இந்த முறை சமையலறையிலிருந்தும் வந்தது.

மூன்றாவது முறை ஒனாகாவின் குரல் எல்லாவற்றுக்கும் மேலே கேட்டது. கப்பல் பாட்டுக் குரல். சொல்லிவிட்டு அவரே தன் வாயைப் பொத்திக்கொண்டார்.

மிச்சப் பாட்டு சிரிப்பில் நனைந்தபடி முடிந்தது. ஜுஸ்ஸாரா ஒரு வரியையும் விடவில்லை. கடைசி ஸ்வரத்தை அதன் இடத்தில் வைத்துவிட்டுத்தான் வணங்கினாள். கைதட்டல் எவ்வளவு நேரம் நீடித்தது என்று குறித்துவைக்க மறந்துவிட்டேன். இகராஷி அம்மையார் மட்டும் தட்டவில்லை. எழுதிக்கொண்டிருந்தார்.

நான் கோப்பைப் பிரித்துக் கார்பன் பிரதியை எடுத்தேன். சொல் முதலில் நின்ற ஆர்களை எண்ணினேன். பதினேழு இருக்க வேண்டிய இடத்தில் இருபது. பல்லவியில் 'ஐ' வந்த மூன்று இடத்திலும் என் விரல் முன்னால் ஓர் ஆரைப் போட்டிருந்தது. யாரோ பெயரைக் கூப்பிட்ட மாதிரி என் கையும் எழுந்து நின்று 'ஹை' சொல்லியிருக்கிறது.

மீதி இரண்டு பேரும் பாடி முடித்ததும், தாளை எடுத்துக்கொண்டு நேராக நடுவர் மேசைக்குப் போனேன்.

"சென்சேய், மன்னிக்கணும். பல்லவியில வந்த தப்பு அவங்களோடது இல்ல. நான் அடிச்சுக் குடுத்த தாளிலேயே தப்பு."

அவர் தாளை வாங்கிப் பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். "ரனாவா?" என்றார். "இது எந்த ஊர் ஜப்பானிய பாஷை?"

"சாந்தா ஒதீலியா பாஷை, சென்சேய்."

ஒனாகாவும் வந்துவிட்டார், அவர் பின்னால் ஜுஸ்ஸாராவும். இகராஷி அம்மையார் மதிப்பெண் தாளைக் கவிழ்த்து வைத்து அதன்மேல் உள்ளங்கையை ஊன்றினார்.

"கேளும்மா. நான் கூட்டிப் போட்டாச்சு. எவ்வளவுன்னு சொல்ல மாட்டேன். உச்சரிப்புல நிறைய வெட்டியிருக்கேன், வெட்டித்தான் ஆகணும். ஆனா தாள் தப்புன்னா அது சங்கத்தோட தப்பு. அதனால உனக்கு ஒரு வழி இருக்கு. இந்தத் தாளைக் கிழிச்சுடறேன். இன்னிக்கு நீ விருந்தினராப் பாடின மாதிரி வச்சுக்கலாம். அடுத்த வருஷம் ஒழுங்கான தாளோட வந்து முதல்ல இருந்து பாடு."

ஒனாகாவைப் பார்த்தேன். தீர்மானத்தில் அப்படி ஒரு வழி இல்லை. அவர் தொண்டையைச் செருமினார். "அது நியாயம்தான், ஓல்கா-சான். எனக்கு ஆட்சேபம் இல்ல. அடுத்த வருஷம் பாடட்டும்." அதைச் சொல்வது அவருக்கு எளிதாக இருந்திருக்காது.

"ஜுஸ்ஸாரா, ஒத்துக்கோ," என்றேன் காதோரமாக. "அறுபதுக்குக் கீழ இருந்துட்டா எல்லாம் முடிஞ்சது. அப்புறம் என்னால ஒண்ணும் எழுத முடியாது."

ஜுஸ்ஸாரா கவிழ்ந்த தாளையே பார்த்துக்கொண்டிருந்தாள். காகிதத்தின் பின்பக்கம் சிவப்பு மை லேசாக ஊறித் தெரிந்தது.

"நிறைய வெட்டினீங்களா?"

"நிறைய."

"எனக்காக உட்கார்ந்து வெட்டினீங்களா?"

"பின்ன யாருக்காக?"

"மூணு வருஷமா நான் பாடும்போது நீங்க காபி குடிப்பீங்க," என்றாள் ஜுஸ்ஸாரா. "இன்னிக்குக் குடிக்கல. கிழிக்க வேணாம், சென்சேய். அது என் மார்க். பத்து இருந்தாலும் என் மார்க்."

"யோசிச்சுச் சொல்றியா?"

"தோனா ஓல்கா அடிச்சது தப்புதான். ஆனா வியாழக்கிழமை இவங்க வாயால வாசிச்சப்போ 'ஐ'ன்னுதான் சொன்னாங்க, எனக்குக் கேட்டுச்சு. எண்ணெய்ச் சத்தத்துல ஹ விட்டுப்போச்சுன்னு நானே நினைச்சுக்கிட்டேன். காதை விட்டுட்டுக் காகிதத்தை நம்பினேன். அது என் தப்பு. திருப்புங்க."

இகராஷி அம்மையார் தாளைத் திருப்பினார். சரிபார்ப்பது என் வேலை. குரல் முப்பதுக்கு இருபத்தைந்து. தாளம் இருபதுக்குப் பதினேழு. பாவம் இருபதுக்குப் பதினான்கு. உச்சரிப்பு இருபதுக்கு இரண்டு. மேடை நடத்தை பத்துக்கு மூன்று.

நான் கூட்டினேன். பென்சிலால் மறுபடி கூட்டினேன். பல் மருத்துவரை அழைத்து அவரையும் கூட்டச் சொன்னேன்.

"அறுபத்தொண்ணு," என்றார் டாக்டர் அரகாகி. "எனக்கு எவ்வளவு சென்சேய்?"

"அம்பத்துநாலு."

"பரவாயில்ல, ஒரே சரணத்துக்கு நல்ல மார்க்!"

ஜுஸ்ஸாராவுக்கு அறுபத்தொன்று காதில் ஏறவே இல்லை. அவள் தாளைப் பிடுங்கிக்கொண்டு மண்டபத்தின் நடுவே ஓடினாள். "உச்சரிப்புக்கு ரெண்டு! தோமியோ, இங்க பாரு, இருபதுக்கு ரெண்டு! சிவப்புல!" தோமியோவின் மனைவி அழுதாள். முன்வரிசைக் கிழவிகள் தாளை வாங்கிக் கண்ணருகே வைத்துப் பார்த்து, "கொஞ்சம் கம்மிதான், ஆனா நியாயம்" என்று தீர்ப்புச் சொன்னார்கள்.

ஒலிபெருக்கியில் முடிவைப் படிக்க வேண்டியவர் ஒனாகா. முதலிடத்திலிருந்து ஒவ்வொன்றாகப் படித்தார். ஏழாவது இடத்தில் தன் பெயரையே படித்து, அறுபத்து மூன்று என்றார், கொஞ்சம் வேகமாக. அப்புறம் நிறுத்தினார்.

"எட்டாமிடம். முதல் பிரிவு. ஜுஸ்ஸாரா பிமெந்தெல், அறுபத்தொண்ணு." தாளை மடித்தார். மடித்தவர் மறுபடி ஒலிபெருக்கியை வாயருகே கொண்டுபோனார். "அடுத்த வருஷம் எல்லாப் பிரிவும் எல்லாருக்கும். தீர்மானம் இருக்கு, ஓல்கா-சான் எழுதி வச்சிருக்காங்க. பாதிரியாருக்கும் சொல்லிடுங்க."

முடிவு அறிவித்த பிறகு எங்கள் போட்டியில் ஒரு சடங்கு உண்டு. எந்த விதிப் புத்தகத்திலும் அதை எழுதவில்லை. மதிப்பெண் வாங்கிய எல்லோரும் நடுவர் மேசைக்கு முன் வரிசை கட்டி, எனக்கு ஏன் வெட்டினீர்கள் என்று சண்டை போடுவார்கள். முதலிடம் வாங்கியவர்கூட நிற்பார். நடுவரின் பேருந்து ஐந்தரைக்கு என்றால் ஐந்து இருபதுவரை இது நடக்கும். விருந்தினர்கள் இதைக் கதவோரம் நின்று வேடிக்கை பார்த்துவிட்டு வீட்டுக்குப் போவார்கள்.

அன்று வரிசையில் ஜுஸ்ஸாரா நான்காவதாக நின்றாள், தாளை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு. அவளுக்கு முன்னால் நுழையப் பார்த்தார் ஒனாகா.

"சேவு ஒனாகா, வரிசை அங்க முடியுது."

"நான் தலைவர், பொண்ணே."

"தலைவரா இருங்க. ஆனா ஏழாவது ஆளு, பின்னாடி நில்லுங்க. எட்டாவது ஆளு முதல்லயே வந்து நிக்கிறேன்."

சமையலறைப் பெண்கள் கெக்கலித்தார்கள். ஒனாகா முணுமுணுத்துக்கொண்டே அவளுக்குப் பின்னால் போய் நின்றார். "அறுபத்து மூணாம்! தாலாட்டுல ஏக்கம் பத்தலையாம். தாலாட்டுல எதுக்கு ஏக்கம்? குழந்தை தூங்க வேணாமா?"

"நல்லாக் கேளுங்க, விடாதீங்க," என்றாள் ஜுஸ்ஸாரா திரும்பிப் பார்த்து. "ஆனா எனக்கப்புறம்."

அவள் முறை வந்தது. தாளை மேசைமேல் விரித்து, கடைசி வரியில் விரலை ஊன்றினாள்.

"சென்சேய், உச்சரிப்பு ரெண்டு, ஒத்துக்கறேன். இது என்ன, மேடை நடத்தை மூணு? நான் என்ன பண்ணினேன்?"

"உன் வலது கையைப் பார்க்கலையா நீ? பாட்டு முழுக்க எதையோ திருப்பிப் போட்டுக்கிட்டே இருந்துச்சு."

"அது ஏக்கம்!"

"அது பாஸ்தெல்."

"நாலு மார்க்காவது போட்டிருக்கலாம்!"

இகராஷி அம்மையார் சிவப்புப் பேனாவின் மூடியை மறுபடி திறந்தார். "நாற்காலி இழுத்துப் போட்டு உட்காரு," என்றார். "முதல் வரியில இருந்து சொல்றேன். பேருந்துக்கு இன்னும் நேரம் இருக்கு."

பின்னால் ஒனாகா கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார். ஜுஸ்ஸாரா திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டாள்.